ஜப்பானில் பௌத்தம் ஏன் இத்தனை கிளைகளாகப் பிரிந்தது?

கேள்வி இதுதான்: ஜப்பானிய பௌத்தம் என்றாலே நமக்கு ஜென் மட்டும்தான் தெரிகிறது. அங்கே போய் வந்தவர்களோ தெருவுக்குத் தெரு வேறு வேறு பிரிவுக் கோயில்கள் என்கிறார்கள். இத்தனை பிரிவுகள் எப்படி வந்தன? அவற்றால் அந்த நாட்டில் என்ன மாறியது?

ஒரு சாதாரண ஜப்பானியரிடம் "நீங்கள் எந்தப் பிரிவு?" என்று கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் உடனே பதில் வராது. "எங்கள் தாத்தாவின் கல்லறை ஜோதோ ஷின்ஷூ கோயிலில் இருக்கிறது, அப்படியானால் அதுவாகத்தான் இருக்கும்" என்பார். அவர் எதை நம்புகிறார் என்பதை அந்தப் பெயர் சொல்வதில்லை. குடும்பக் கல்லறை எங்கே என்பதைத்தான் சொல்கிறது. நாடுகடத்தப்பட்டும் தலை வெட்டப்பட்டும் சிலர் உண்டாக்கிய பிரிவுகள் கடைசியில் கல்லறை முகவரியாக மாறியது எப்படி? பிரிவுகளின் பெயர்ப் பட்டியலைவிட இதுதான் எனக்குச் சுவையான கதை. அந்த வழியிலேயே போகிறேன்.

கொரியாவின் பெக்சே நாட்டு அரசன் ஒரு புத்தர் சிலையையும் சில சூத்திரங்களையும் ஜப்பானிய அரசவைக்கு அனுப்பிவைத்தான். ஆண்டு 538 என்று ஒரு கணக்கு, 552 என்று இன்னொரு கணக்கு. வந்த தெய்வத்தை ஏற்பதா வேண்டாமா என்று இரண்டு பெரிய குடும்பங்கள் மோதிக்கொண்டன. சோகா குடும்பம் ஏற்கலாம் என்றது. மொனொநொபே குடும்பம், நாட்டுத் தெய்வங்கள் கோபித்துக்கொள்ளும் என்றது. 587இல் போர் நடந்து சோகா குடும்பம் வென்றது. அதாவது பௌத்தம் அங்கே நுழைந்ததே அரசியல் விவகாரமாகத்தான். நோய் வராமல், பஞ்சம் வராமல், அரசைக் காக்குமா என்பதுதான் அன்றைய கேள்வி. தனி மனிதனின் விடுதலை பற்றி யாரும் அப்போது பெரிதாகக் கவலைப்படவில்லை.

இடையில் பலரும் கவனிக்காத ஒரு செய்தி. ஜப்பானில் முதன்முதலில் துறவு பூண்டவர் ஒரு சிறுமி. பெயர் ஸென்ஷின், ஆண்டு 584. இன்னும் இரண்டு பெண்கள் அவரோடு சேர்ந்தார்கள். கொள்ளைநோய் வந்ததும் எதிர்த்தரப்பு அவர்களைச் சந்தையில் நிறுத்திச் சாட்டையால் அடித்தது. பிறகு ஸென்ஷின் பெக்சேவுக்குக் கப்பலேறிப் போய், துறவிகளுக்கான ஒழுக்க விதிகளான விநய நெறியைக் கற்றுத் திரும்பினார். இப்படித் தொடங்கிய மதத்தில்தான் பின்னாளில் ஹியெய், கோயா போன்ற புனித மலைகளில் பெண்கள் கால் வைக்கக் கூடாது என்ற தடை வந்தது. அதை நீக்கும் அரசாணைக்கு 1872 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

710இல் நாரா தலைநகரானது. அந்தக் காலத்து "ஆறு பிரிவுகள்" என்று புத்தகங்களில் படிப்பீர்கள்: சன்ரோன், ஜோஜிட்சு, ஹொஸ்ஸோ, குஷா, கேகோன், ரிட்சு. இவற்றை இன்றைய அர்த்தத்தில் பிரிவு என்று எடுத்துக்கொண்டால் குழப்பம்தான் வரும். ஒரு கல்லூரியில் தத்துவத் துறை, இலக்கணத் துறை என்று இருக்கிறதே, அந்த மாதிரி. சன்ரோன் என்றால் எல்லாம் சூனியம் என்னும் நாகார்ஜுனரின் மாத்தியமிகத் தத்துவம், ஹொஸ்ஸோ என்றால் எல்லாம் மனமே என்னும் யோகாசாரத் தத்துவம், ரிட்சு என்றால் விநயம். ஒரே துறவி ஒரே கோயிலில் இருந்தபடி இரண்டு மூன்றைப் படிக்கலாம். ஊர்மக்களுக்கும் இவற்றுக்கும் பெரிய தொடர்பில்லை.

735 முதல் 737 வரை பெரியம்மை நாட்டை வாரிக்கொண்டு போனது. ஷோமு பேரரசர் 741இல் ஒவ்வொரு மாகாணத்திலும் ஆண் துறவிகளுக்கு ஒரு கோயிலும் பெண் துறவிகளுக்கு ஒரு கோயிலும் கட்ட ஆணையிட்டார். எல்லாவற்றுக்கும் தலைமையாக நாராவின் தோதாய்ஜி கோயிலில் சுமார் 15 மீட்டர் உயர வெண்கல புத்தர் எழுந்தார். 752இல் அதற்குக் கண் திறக்கும் சடங்கு. நம் ஊர்ச் சிற்பிகள் செய்யும் அதே சடங்குதான். தூரிகையைப் பிடித்துக் கண் திறந்தவர் போதிசேனர். அவருடைய சீடர் எழுதிய நினைவுரை அவரைத் தென்னிந்தியப் பிராமணர் என்கிறது. தூரிகையில் நீளமான கயிறுகளைக் கட்டி, கூடியிருந்தவர்கள் அதன் மறுமுனைகளைப் பிடித்துக்கொண்டார்களாம், புண்ணியம் எல்லாருக்கும் போய்ச் சேர வேண்டுமே! அந்தத் தூரிகையும் கயிறும் ஷோசோயின் கருவூலத்தில் இன்றும் பத்திரமாக இருக்கின்றன.

முறைப்படி துறவு கொடுக்க ஆள் வேண்டும் என்று சீனாவிலிருந்து கஞ்சின் என்ற பெரியவரை அழைத்தார்கள். ஐந்து முறை புறப்பட்டு ஐந்து முறையும் தோற்று, நடுவில் கண்பார்வையும் போய், ஆறாவது முயற்சியில் 753இல் வந்து சேர்ந்தார். துறவு என்பது அரசு அங்கீகாரம், அதைத் தரும் மேடை நாராவின் கையில். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், அடுத்த சண்டை இதில்தான்.

நாராக் கோயில்களின் செல்வாக்கு எல்லை மீறியது. தோக்யோ என்ற துறவி அரியணைக்கே குறிவைக்கும் அளவுக்குப் போனார். தலைநகர் அங்கிருந்து கிளம்பி 794இல் இன்றைய கியோட்டோவுக்கு வந்ததற்கு இதுவும் ஒரு காரணமாகச் சொல்லப்படுகிறது. புதிய தலைநகருக்குப் புதிய பௌத்தம் தேவைப்பட்டது. 804இல் சீனாவுக்குப் புறப்பட்ட நான்கு கப்பல்களில் இரண்டுதான் சீனக் கரையைத் தொட்டன. ஒன்றில் சாய்ச்சோ, மற்றொன்றில் கூக்காய். அவர்கள் ஏறிய கப்பல் மாறியிருந்தால் ஜப்பானிய பௌத்தத்தின் முகமே வேறாக இருந்திருக்கும்.

சாய்ச்சோ அப்போதே பெயர் பெற்றவர். சீனாவின் தியந்தாய் மலையில் சில மாதம் கற்றுத் திரும்பி, ஹியெய் மலையில் தெந்தாய் பிரிவை வளர்த்தார். தாமரைச் சூத்திரம் மையம், ஆனால் தியானம், மந்திரம், விநயம், சுகாவதி என்ற தூய உலகின் புத்தரான அமிதாபர் வழிபாடு எல்லாவற்றுக்கும் அங்கே இடமுண்டு. கூக்காய் பெயர் தெரியாத இளைஞர். சீனத் தலைநகர் சாங்கானில் ஹுய்குவோ என்ற குருவிடம், மந்திரமும் சடங்கும் வழியான மந்திரயான பௌத்தத்தை முழுதாகப் பெற்றுக்கொண்டு, இருபது ஆண்டு தங்க வேண்டியவர் இரண்டே ஆண்டில் திரும்பினார். அவர் நிறுவியது ஷிங்கோன், மையம் கோயா மலை. முதலில் நட்பு. ஏழு வயது மூத்த சாய்ச்சோ இளையவரிடம் தீட்சை பெறவும் தயங்கவில்லை. ஒரு நூலை இரவல் கேட்டபோது கூக்காய் மறுத்தார், இது படித்துத் தெரிந்துகொள்ளும் விஷயமில்லை, குருவிடம் நேரில் பெற வேண்டியது என்று. சாய்ச்சோவின் அன்புச் சீடர் தாய்ஹானும் கூக்காயோடு தங்கிவிட்டார். உறவு முறிந்தது. நாராவை நம்பியிராமல் தன் மலையிலேயே துறவு கொடுக்கும் உரிமைக்காகச் சாய்ச்சோ கடைசிவரை போராடினார். அனுமதி வந்தது 822இல், அவர் இறந்து ஏழு நாள் கழித்து.

ஷிங்கோன் பற்றி இன்னும் கொஞ்சம் பேசலாம், ஏனென்றால் நமக்கு அதில் பல முகங்கள் தெரிந்தவை. அதன் குரு வரிசையில் வரும் வஜ்ரபோதி தென்னிந்தியர். காஞ்சியில் பல்லவ மன்னன் கேட்டுக்கொண்டதால் மழைக்காகப் பிரார்த்தித்தார் என்றும், இலங்கை வழியாகக் கடலில் சீனா போனார் என்றும் அவருடைய வரலாறு சொல்கிறது. ஷிங்கோன் கோயில்களில் நெருப்பு வளர்த்துச் செய்யும் சடங்கின் பெயர் கோமா, அதாவது ஹோமம். சரஸ்வதி அங்கே பென்ஸாய்தென், கையில் வீணைக்குப் பதில் பிவா என்ற தந்தி வாத்தியம். யமன் எம்மா. பிள்ளையார் காங்கிதென், பெரும்பாலும் மூடிய பெட்டிக்குள், பார்க்க முடியாது. தோக்கியோவின் அசாகுசா அருகே மட்சுசியாமா கோயிலில் அவருக்கு முள்ளங்கி படைக்கிறார்கள். கொழுக்கட்டை எங்கே என்று கேட்காதீர்கள், கியோட்டோவில் காங்கிதான் என்று அவர் பெயரிலேயே எண்ணெயில் பொரித்த இனிப்பு ஒன்று இருக்கிறது.

எழுத்து விஷயம் இதைவிட ஆச்சரியம். மந்திரங்களைச் சரியாக உச்சரிக்க இத்துறவிகள் சித்தம் என்ற இந்திய எழுத்து முறையைப் படித்தார்கள். அந்தப் படிப்பின் விளைவாக ஜப்பானிய கானா எழுத்துகளுக்கு ஒரு வரிசை அமைந்தது: அ, இ, உ, எ, ஒ, பிறகு க, ச, த, ந, ஹ, ம, ய, ர, வ. அந்த ஹ பழங்காலத்தில் ப. இப்போது நம் மெய்யெழுத்து வரிசையில் அவர்களிடம் இல்லாத ஒலிகளை நீக்கிவிட்டுச் சொல்லிப் பாருங்கள், அப்படியே பொருந்தும். ஜப்பானியக் குழந்தை இன்றும் அகராதி புரட்டுவது இந்த வரிசையில்தான்.

சரி, ஹியெய் மலைக்கு வருவோம். 12, 13ஆம் நூற்றாண்டுகளில் புதுப் பிரிவு தொடங்கிய முக்கியமானவர்கள் அநேகமாக அனைவரும் அங்கே படித்துவிட்டு இறங்கியவர்கள். புத்தரின் போதனை தேய்ந்துபோகும் கடைக்காலம் 1052இல் தொடங்குகிறது என்று ஒரு கணக்கு பரவியிருந்தது. உள்நாட்டுப் போர், பஞ்சம், தீ, நிலநடுக்கம் என்று நாடே அதை மெய்ப்பித்துக்கொண்டிருந்தது. மலையின் மடங்களோ ஆயுதம் ஏந்திய துறவிகளை வைத்துத் தலைநகரை மிரட்டிக்கொண்டிருந்தன. காமோ ஆற்று வெள்ளம், சூதாட்டக் காய், ஹியெய் துறவிகள் ஆகிய மூன்றும்தான் என் சொல்லுக்கு அடங்காதவை என்று ஷிரகாவா பேரரசர் புலம்பியதாகக் கதை. மலையில் எல்லா வழியும் இருந்தது. ஆனால் எல்லா வழியையும் கற்க யாரிடம் நேரம் இருக்கிறது? உழவனும் மீனவனும் என்ன செய்வார்கள்? இறங்கி வந்த ஒவ்வொருவரும் ஒன்றைத் தேர்ந்தெடுத்து, இது போதும் என்றார்கள். ஜப்பானியப் பிரிவுகளின் தனித்தன்மையே இந்தத் 'தேர்ந்தெடுத்தல்'தான்.

முதலில் ஹோனென். ஒன்பது வயதில் தந்தை இரவுத் தாக்குதலில் காயம்பட்டு, பழிவாங்காதே என்று சொல்லிவிட்டு இறந்தார் என்பது மரபு. ஹியெய் மலையில் திரிபிடகம் முழுவதையும் திரும்பத் திரும்பப் படித்தவர் 1175இல் ஒரு முடிவுக்கு வந்தார்: அமிதாபரின் பெயரை வாயால் சொன்னால் போதும், சுகாவதியில் பிறக்கலாம். படிப்பு வேண்டாம், தானம் வேண்டாம், சிலை செய்யப் பணமும் வேண்டாம். பெரிய கோயில்களுக்கு இது பிடிக்குமா? 1207இல் அவருடைய சீடர்களில் நால்வருக்கு மரண தண்டனை, அவருக்கு எழுபதைத் தாண்டிய வயதில் நாடுகடத்தல்.

அதே தண்டனையில் வடக்கே எச்சிகோவுக்கு அனுப்பப்பட்டவர் ஷின்ரான். குருவைவிட ஒரு படி மேலே போனார். பெயரைச் சொல்வதுகூட உன் முயற்சி அல்ல, அமிதாபர் கொடுத்தது என்றார். நல்லவனுக்கே சுகாவதி கிடைக்கும் என்றால் கெட்டவனுக்குச் சொல்லவா வேண்டும் என்ற அவருடைய கருத்து, தலைகீழாக எழுதிவிட்டார்களோ என்று முதலில் தோன்றும். தன் நன்மையை நம்புகிறவன் அமிதாபரை முழுதாக நம்புவதில்லை என்பது உட்பொருள். துறவியும் இல்லை, இல்லறத்தானும் இல்லை என்று சொல்லிக்கொண்டு வெளிப்படையாக மணம் செய்துகொண்டார். மனைவி எஷின்னி எழுதிய கடிதங்கள் 1921இல் கியோட்டோவின் நிஷி ஹோங்கான்ஜி கோயிலில் கிடைத்தன. ஷின்ரான் மலையில் ஒரு சாதாரண கீழ்நிலைத் துறவியாக இருந்தார் என்பதே அதிலிருந்துதான் தெரியவந்தது. அவருடைய வழிதான் ஜோதோ ஷின்ஷூ, இன்று ஜப்பானில் மிகப் பெரிய பௌத்த மரபு. நமக்கு ஜென் தெரிந்த அளவுக்கு இது தெரியவில்லை என்பது விசித்திரம்தான்.

ஜென் என்ற சொல் 'தியானம்' என்பதிலிருந்து சீனம் வழியாக வந்தது. போதிதர்மர் இங்கே நுழைவார் என்று எதிர்பார்த்திருப்பீர்கள். அவரைச் சீன மரபு தென்னிந்திய அரசகுமாரர் என்கிறது, பாரசீகர் என்று சொல்லும் பழைய குறிப்பும் இருக்கிறது. ஜப்பானுக்கு வந்ததோ அவருடைய பெயரும், தருமா என்ற கைகால் இல்லாத சிவப்புப் பொம்மையும்தான். ஜென்னை நிலைநிறுத்தியவர் எய்சாய், ரின்ஸாய் பிரிவு. 1202இல் கியோட்டோவில் கென்னின்ஜி கோயிலைத் தொடங்கினார், தேநீரின் நன்மை பற்றி நூல் எழுதினார். ரின்ஸாய் போர்வீரர் ஆட்சியோடு ஒட்டிக்கொண்டு செழித்தது.

ஜென்னின் இன்னொரு பிரிவைத் தொடங்கிய தோகென் வேறு மாதிரி. எல்லாருக்குள்ளும் புத்தத் தன்மை ஏற்கனவே இருக்கிறது என்றால் பயிற்சி எதற்கு என்று சிறுவயதில் கேட்டார், மலையில் திருப்தியான பதில் கிடைக்கவில்லை. 1223இல் சீனத் துறைமுகத்தில் கப்பலில் காத்திருந்தபோது ஒரு கிழவர் ஜப்பானியக் காளான் வாங்க வந்தார். அசோக மன்னர் பெயர் கொண்ட மலை மடத்தின் சமையல் பொறுப்பாளர். இந்த வயதில் தியானம் செய்யாமல் சமையல் எதற்கு என்று தோகென் கேட்க, பயிற்சி என்றால் என்னவென்றே உனக்கு இன்னும் தெரியவில்லை தம்பி என்ற பொருளில் கிழவர் சிரித்துவிட்டுப் போனார். தோகெனின் கேள்விக்கு விடை அதில்தான் இருந்தது. உட்கார்வது எதையோ அடைவதற்காக அல்ல, உட்கார்வதே புத்தநிலை. அரிசி களைவதும் அதேதான். மடத்துச் சமையல்காரருக்கு என்றே பின்னாளில் ஒரு நூல் எழுதினார். அவருடைய சோட்டோ பிரிவின் எய்ஹெய்ஜி மடம் தலைநகரைவிட்டு விலகி மலைக்காட்டில் இருக்கிறது.

இந்த வரிசையில் நிச்சிரென் கடைசியாக வந்தார், எல்லாரோடும் சண்டை போட்டார். கடலோர ஊர்க்காரர், தன்னைச் சண்டாளனின் மகன் என்று கடிதத்தில் எழுதிக்கொண்டவர். தாமரைச் சூத்திரத்தின் பெயரை ஓதுவது மட்டுமே வழி, அமிதாபரை ஓதுகிறவன் நரகம் போவான், ஜென் பேயின் வேலை, ஷிங்கோன் நாட்டைக் கெடுக்கும் என்றார். 1260இல் ஆட்சியாளருக்கு ஓர் அறிக்கை கொடுத்தார், தவறான போதனையை நிறுத்தாவிட்டால் அந்நியப் படையெடுப்பு வரும் என்று. இரண்டு முறை நாடுகடத்தப்பட்டார், ஒருமுறை வெட்டுக்கத்திவரை போய்த் தப்பினார். 1274இல் மங்கோலியர் கப்பல்களில் வந்து இறங்கியபோது சீடர்களுக்கு அவர் வார்த்தையில் சந்தேகமே மிச்சமில்லை.

இவர்களில் பெரும்பாலோர் தம் வாழ்நாளில் பெரிய வெற்றி கண்டவர்கள் அல்ல. ஷின்ரானின் மரபை ஊர் ஊராகக் கொண்டுபோனவர் 15ஆம் நூற்றாண்டின் ரென்ன்யோ, எளிய நடையில் கடிதங்கள் எழுதியே சாதித்தார். அந்த நம்பிக்கையில் ஒன்றுசேர்ந்த உழவர்கள் 1488இல் காகா மாகாணத்தின் தலைவனையே வீழ்த்தி, ஏறத்தாழ நூறு ஆண்டு அந்த மாகாணத்தைத் தங்கள் பிடியில் வைத்திருந்தார்கள். நாட்டைத் தன் கைக்குள் கொண்டுவரப் போரிட்ட படைத்தலைவர் ஒதா நொபுனாகா ஹியெய் மலையை 1571இல் எரித்தார். ஷின்ரான் மரபின் தலைமையிடமாக ஒசாகாவிலிருந்த ஹோங்கான்ஜி கோட்டையைப் பணியவைக்க அவருக்குப் பத்து ஆண்டு பிடித்தது.

இதைப் பார்த்துப் பாடம் படித்தது, 17ஆம் நூற்றாண்டு முதல் நாட்டை ஆண்ட தொகுகாவா குடும்பத்தின் ஆட்சி. பௌத்தத்தை எரிக்காமல் அரசு அலுவலகமாக்கிவிட்டது. கிறிஸ்தவத்தைத் தடை செய்த பிறகு, நான் கிறிஸ்தவன் அல்ல என்று ஒவ்வொரு குடும்பமும் ஒரு பௌத்தக் கோயிலில் சான்று வாங்க வேண்டும். பிறப்பு, திருமணம், இறப்பு, ஊர் மாறுவது எல்லாம் கோயில் பதிவேட்டில். குருக்கள் ஏறக்குறைய கிராமக் கணக்குப்பிள்ளை. கோயிலை மாற்றிக்கொள்வது எளிதில் நடக்காது, புதுப் பிரிவு தொடங்கவும் வழியில்லை. இருநூறு ஆண்டுகளுக்கு மேல் இப்படி ஓடியதில், ஒரு குடும்பம் எந்தப் பிரிவு என்பது கல்லறையும் திவசமும் எங்கே என்பதாகச் சுருங்கியது. தொடக்கத்தில் சொன்ன தாத்தாவின் கல்லறைக்குக் காரணம் இதுதான்.

1868இல் தொகுகாவா ஆட்சிக்குப் பின் வந்த மெய்ஜி அரசு, நாட்டுத் தெய்வ வழிபாடான ஷிந்தோவையும் பௌத்தத்தையும் பிரித்தபோது, கோயில்கள் மேல் அடக்கிவைத்த ஆத்திரம் வெடித்தது. ஆயிரக்கணக்கான கோயில்கள் மூடப்பட்டன, சிலைகள் உடைந்தன. 1872இல் துறவிகள் மணம் செய்யலாம், இறைச்சி உண்ணலாம், முடி வளர்க்கலாம் என்று அரசு அறிவித்தது. ஷின்ரான் ஊரறியச் செய்தது எல்லாப் பிரிவுக்கும் பொதுவானது. அப்பா குருக்கள், பிறகு மகன் குருக்கள் என்று மற்றப் பிரிவுகளிலும் கோயில் பரம்பரைச் சொத்தானது அதன் பிறகுதான். இலங்கை, தாய்லாந்து போன்ற தேரவாத நாட்டுப் பிக்குகள் இதைக் கேட்டால் முகம் சுளிப்பார்கள்.

தாக்கம் என்று கேட்டால் தேநீர்ச் சடங்கு, கல்தோட்டம் என்று எல்லாரும் சொல்வதை நானும் சொல்லலாம். எனக்கு அதைவிடப் பிடித்தவை தெரியாமல் கலந்துபோனவை. கணவனைக் குறிக்கும் 'தன்னா' என்ற சொல் 'தானம்' என்பதிலிருந்து வந்தது, கொடுத்துக் காப்பவர் என்ற பொருளில். சுஷிச் சோற்றைக் கடைக்காரர்கள் 'ஷாரி' என்பார்கள், புத்தரின் உடற்சின்னத்தைக் குறிக்கும் 'சரீரம்' அது. வீட்டு முன்வாசலைக் குறிக்கும் 'கென்கான்' ஜென் மடத்திலிருந்து வந்தது. அரசியலிலும் உண்டு. நிச்சிரென் மரபில் 1930இல் தொடங்கிய சோகா காக்காய் என்ற அமைப்பு, இரண்டாம் உலகப் போருக்குப் பின் நகரத்துக்குப் பிழைக்க வந்த, ஊர்க் கோயிலோடு தொடர்பறுந்த மக்களைச் சேர்த்துக்கொண்டு வளர்ந்தது. 1964இல் அது உருவாக்கிய கோமெய்தோ கட்சி 1999 முதல் நீண்ட காலம் ஆளும் கூட்டணியில் இருந்தது.

இன்று நாட்டில் 70 ஆயிரத்துக்கு மேல் கோயில்கள். கிராமங்களில் ஆளில்லை, பல கோயில்களில் குருக்கள் இல்லை. குடும்பங்கள் ஊர்க் கல்லறையை மூடி, சாம்பலை நகரத்துக்குக் கொண்டுபோகின்றன. கல்லறை போனால் பிரிவும் போகிறது.

நீங்கள் ஜப்பான் போனால் எந்தக் கோயில் எந்தப் பிரிவு என்று தெரிந்துகொள்ளக் காதைத் தீட்டிக்கொண்டாலே போதும். 'நமு அமிதா புத்ஸு' என்றால் ஹோனென் அல்லது ஷின்ரான் வழி. 'நமு ம்யோஹோ ரெங்கே க்யோ' என்றால் நிச்சிரென். 'நமு தாய்ஷி ஹென்ஜோ கொங்கோ' என்று கூக்காயின் பெயரைச் சொன்னால் ஷிங்கோன். ஊதுவத்தியை நட்டுவைக்காமல் ஒடித்துப் படுக்கவைத்திருந்தால் சந்தேகமே வேண்டாம், ஜோதோ ஷின்ஷூ. ஹியெய் மலையில் மட்டும் இந்தக் கணக்கு உதவாது, அங்கே காலையில் தாமரைச் சூத்திரம், மாலையில் அமிதாபர். மலையின் பெரிய பிரசங்க மண்டபத்தில் ஹோனென், ஷின்ரான், எய்சாய், தோகென், நிச்சிரென் எல்லாரும் மரச்சிலைகளாக வரிசையில் இருக்கிறார்கள். அவரவர் பிரிவினரே கொண்டுவந்து கொடுத்தவை.